லவ் பேர்ட்ஸ் எண்டா எது?

அத்தியாயம் ஆறு

பொத்துவில் பஸ் புறப்படப் பதினோரு நிமிடம் இருந்தது. கண்டக்டர் ஜுனைட் பிளேன்டியை ஊதி ஊதிக் குடித்துக்கொண்டிருந்தான். துப்பறிவாளர் ஷிப்லி அவன் முன்னால் நின்று அதே கேள்வியை மூன்றாவது தடவையாகக் கேட்டான்.

"திங்கட்கிழமை பின்னேரம் முனாஸ் உங்கட பஸ்ஸில ஏறினான். கையில ஒரு கூடு. கூட்டுக்குள்ள என்ன?"

"லவ் பேர்ட்ஸ்."

"கண்ணால பாத்தீங்களா?"

"துணி போட்டு மூடி இரிந்திச்சு."

"அப்ப எப்படித் தெரியும்?"

"கேட்டன். என்னடா லவ் பேர்ட்ஸா எண்டு கேட்டன். ஓம் எண்டான். இதைத்தான் பொலிஸுக்குச் சொன்ன. முந்தநாள் உங்களுக்குச் சொன்ன. நேத்தும் சொன்ன."

"நாளைக்கும் வருவம்," என்றாள் செல்லத்தங்கம். "உங்கட குரல் எங்களுக்குப் பிடிச்சுப் போச்சு."

ஜுனைட் முறைத்தான். ஷிப்லி கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தான். காலை ஒன்பதரைக்கே கல்முனை பஸ் நிலையத்தின் தார் இளகிக் கிடந்தது.

"வேற ஏதாவது? சின்ன விசயம் எண்டாலும் பரவால்ல."

"ஒண்டும் இல்ல." ஜுனைட் கிளாசை வைத்துவிட்டு எழுந்தான். படியில் கால் வைத்தபோது நின்றான். "ஆ, வால். துணிக்குக் கீழால ஒரு வால் வெளிய நீட்டிக்கிட்டு இரிந்திச்சு. பக்கத்துச் சீட்டுப் பொம்புளப் புள்ள ஒண்டு அதைப் புடிச்சு இழுக்கப் பாத்திச்சு. நான்தான் ஏசின."

"எந்தளவு வால்?"

அவன் நடுவிரலை நீட்டிக் காட்டினான். "இந்தளவு."

பஸ் புகையைக் கக்கிக்கொண்டு போனது. செல்லத்தங்கம் கொப்பியில் எழுதினாள்: வால், ஒரு விரல்.

"வாலை வச்சு நான் என்ன செய்ற அக்கா?"

"எனக்கென்ன தெரியும் சேர்? நீங்கதான் துப்பறியிறவர். நான் வாலை எழுதுறவள்."

ஷிப்லி முன்பு இன்சூரன்ஸ் கம்பனிக்காக விபத்துகளை விசாரித்துத் திரிந்தவன். வயது நாற்பத்திரண்டு, கல்முனைக்குடிக்காரன். இப்போது ஒரு பார்மசிக்கு மேல் ஒற்றை அறையில் சொந்த அலுவலகம். செல்லத்தங்கத்துக்கு ஐம்பத்தெட்டு. முப்பது வருடம் நீதிமன்றத்தில் தட்டச்சு செய்து ஓய்வு பெற்றவள். வீட்டில் சும்மா இருந்தால் நாக்குத் துருப்பிடிக்கும் என்று சொல்லி இவனிடம் வந்து சேர்ந்தாள். கோபம் வந்தால் இவனை "சேர்" என்பாள். பாசம் வந்தால் "தம்பி." இந்த வழக்கு தொடங்கிய நாளிலிருந்து அவன் சேராகவே இருந்தான்.

வழக்கு இதுதான். சாய்ந்தமருதைச் சேர்ந்த சீனிமுகம்மது ஹாஜியார், கல்முனைக் கடைத்தெருவில் புடவைக் கடை வைத்திருப்பவர். கிழக்குக் கரை பறவை வளர்ப்போர் சங்கத்தின் தலைவரும் அவர்தான். அவருடைய பேர் போன சோடி ஒன்று, பச்சை உடம்பும் செம்மஞ்சள் முகமும் கண்ணைச் சுற்றி வெள்ளை வளையமும் கொண்ட இரண்டு லவ் பேர்ட்ஸ், திங்கட்கிழமை காணாமல் போயின. கொழும்புக் கண்காட்சியில் வெற்றிக் கிண்ணம் வாங்கிய சோடி. அன்றிரவே அவர் வீட்டில் கூடு கழுவும் முனாஸைப் பொலிஸ் பிடித்தது. இப்போது அவன் விளக்கமறியலில். நாளை, வெள்ளிக்கிழமை, கோட்டில் வழக்கு எடுக்கப்படும். ஞாயிற்றுக்கிழமை அவனுக்குக் கத்தாருக்கு விமானம். இரண்டு வருடம் அலைந்து கிடைத்த வேலை. நாளை வெளியே வராவிட்டால் அது போனது போனதுதான்.

"சங்கத்து ஆக்கள் கேக்கிறாங்க. ஒரு துப்பறிவாளரைப் போட்டாச்சா எண்டு. சோடியைத் தேடித் தாங்க," என்று ஹாஜியார்தான் ஷிப்லியை அமர்த்தியிருந்தார். மூன்று நாளாகத் தேடியும் ஒரு இறகுகூடக் கிடைக்கவில்லை. விளக்கமறியலில் முனாஸைப் பார்க்க அனுமதி கேட்டுப் போட்ட கடிதத்துக்குப் பதில் இல்லை. அவன் கூட்டோடு இறங்கிய பாலமுனையில் அவனுடைய அக்கா ஸப்னா ராத்தாவின் வீடு இரண்டு தடவையும் பூட்டிக் கிடந்தது.

"மூணாம் தரமும் பூட்டி இரிந்தா?" என்றான் ஷிப்லி, காரின் சாவியைத் திருகியபடி. கார் இருமியது, நின்றது, மறுபடி இருமியது.

"பூட்டையே கைது செய்வம்." செல்லத்தங்கம் பின் சீட்டில் ஏறினாள். இடது முன்கதவு திறக்காது. ஆகவே ஊரில் பாதிப் பேர் அவளை முதலாளி என்றும் ஷிப்லியை டிரைவர் என்றும் நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

*

காரைதீவில் ஒரு தரம், ஒலுவிலில் ஒரு தரம் என்று கார் இரண்டு இடத்தில் நின்றது. பாலமுனைக்குப் போய்ச் சேரப் பதினொன்றரை ஆகிவிட்டது.

இம்முறை வீடு திறந்திருந்தது. ஸப்னா முற்றத்து மணலில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். முப்பது வயது இருக்கும். இவர்கள் யார் என்று தெரிந்ததும் கையிலிருந்த துணியைக் கூடைக்குள் எறிந்தாள்.

"நீங்கதானா ரெண்டு நாளும் வந்து கதவைத் தட்டின ஆள்? பக்கத்து ஊட்டில சொன்னாங்க."

"ஓம். நீங்க எங்க போன?"

"நான் எங்க போற? தம்பியைப் புடிச்சிரிக்காங்க. ரெண்டு நாளும் காலையில இருந்து பின்னேரம் வரைக்கும் பொலிஸ் வாசல்ல இரிந்தன். கத்தார் போக முந்தி என்ட மகளுக்கு அவன் காசு குடுத்து வாங்கிக் கொண்டு வந்த குருவி ரெண்டும் என்ட ஊட்டில இரிக்கி, வந்து பாருங்க எண்டு சொல்லத்தான் போன. வெள்ளிக்கிழமை கோட்டுக்கு வந்து சொல்லு எண்டு அனுப்பிட்டாங்க."

ஷிப்லி சுவரில் சாய்ந்தான். இவன் அவளுடைய கதவைத் தட்டிக்கொண்டிருந்த அதே நேரம், அவள் இவனுடைய அலுவலகத்திலிருந்து கூப்பிடு தூரத்தில், பொலிஸ் வாசல் மர வாங்கில் உட்கார்ந்திருந்திருக்கிறாள்.

"குருவி இங்கதான் இரிக்கா?"

"அம்ஹா! கூட்டைக் கொண்டு வா மகள்."

ஐந்து வயதுச் சிறுமி ஒரு கூட்டை இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டு வந்தாள். "மாமா தந்த," என்றாள். கீழே வைக்க மறுத்தாள்.

ஷிப்லி குந்தியிருந்து பார்த்தான். உள்ளே இரண்டு பறவைகள். ஒன்று நீலம், மற்றது மஞ்சள். கண்ணைச் சுற்றி வளையம் எதுவும் இல்லை. மெலிந்த உடம்பு. வால் மட்டும் விரல் நீளத்துக்குக் கூர்மையாக நீண்டிருந்தது.

அவன் பையிலிருந்து ஹாஜியார் கொடுத்த படத்தை எடுத்தான். படத்தில் இருந்த சோடிக்குத் தடித்த சிவந்த அலகு, குண்டு உடம்பு. வால் வெட்டிவிட்ட மாதிரிக் கட்டையாக இருந்தது. அதைத் துணிக்கு வெளியே நீட்டச் சொன்னாலும் நீட்ட முடியாது.

"அக்கா, அந்தக் கொப்பியில என்ன எழுதின?"

"வால், ஒரு விரல்."

"ஹாஜியார்ட சோடிக்கு விரல் நீளத்துக்கு வாலே இல்ல. ஜுனைட் பார்த்தது இந்தக் குருவிட வாலை." ஷிப்லி எழுந்து நெற்றியில் அறைந்துகொண்டான். "இது வேற பறவை! பட்ஜி!"

"இதுவும் லவ் பேர்ட்ஸ்தானே?" என்றாள் ஸப்னா. "நாங்க எல்லாரும் அப்படித்தான் செல்ற."

"அதுதான் கரச்சல் ராத்தா. ஊரே இதையும் லவ் பேர்ட்ஸ் எண்டுதான் செல்லும். கண்டக்டரும் அதைத்தான் கேட்டான். முனாஸும் ஓம் எண்டான்."

செல்லத்தங்கம் பைலைத் திறந்து முனாஸின் வாக்குமூலப் பிரதியை வெளியே எடுத்தாள். "கேள்வி: லவ் பேர்ட்ஸ் கொண்டு போனாயா? பதில்: ஓம் சேர், ரெண்டு." அவள் தாளைத் தட்டினாள். "இதுக்குப் பிறகு அவன் 'ஆனா' எண்டு தொடங்கியிருப்பான். 'ஓம்' கிடைச்சதும் பேனையை மூடியிருப்பாங்க. ஆனா எண்டதுக்குப் பிறகு வாறதை எழுதினதை நான் முப்பது வருசத்தில கனக்கக் காணயில்ல."

ஷிப்லி சார்ஜனை போனில் பிடித்தான்.

"லவ் பேர்ட்ஸ் கிடைச்சிட்டா?" என்றார் சார்ஜன்.

"இல்ல. முனாஸ் கொண்டு போனது கிடைச்சிட்டு. அது லவ் பேர்ட்ஸ் இல்ல, பட்ஜி."

"பட்ஜி எண்டா?"

"சனம் லவ் பேர்ட்ஸ் எண்டு செல்ற பறவை."

"அப்ப லவ் பேர்ட்ஸ்தானே!"

"இல்ல சேர். உண்மையான லவ் பேர்ட்ஸ் வேற."

போனில் பெருமூச்சு. "மிஸ்டர் ஷிப்லி, எனக்கு இங்க பதினேழு முறைப்பாடு கிடக்கு. முறைப்பாட்டுக்காரர் இது வேற பறவை எண்டு செல்லட்டும், பாப்பம்."

அடுத்து ஹாஜியார். நான்கு தடவை அடித்த பிறகுதான் எடுத்தார். பின்னணியில் றேடியோ அலறியது. ஷிப்லி விசயத்தைச் சொன்னான். ஹாஜியார் றேடியோவைக் குறைக்கவில்லை.

"பட்ஜியைக் கொண்டு போனவன் மத்தச் சோடியையும் கொண்டு போயிருப்பான்," என்றார் ஹாஜியார்.

"ஒரு கூடுதானே கையில இரிந்த?"

"முதல் நாள் கொண்டு போயிருப்பான். நீங்க சோடியைத் தேடுங்க. அவனுக்காக வக்கீல் வேலை பாக்க வேணாம்."

போன் அறுந்தது. ஷிப்லி அதை வெறித்துப் பார்த்தான்.

"பறவை சாஸ்திரம் தெரிஞ்ச ஆரிட்டயாவது ஒரு கடிதம் வாங்கணும். இது வேற, அது வேற எண்டு. ஒரு பக்கக் கடிதம் போதும்."

"சங்கத்துச் செயலாளர் இருக்கிறா," என்றாள் செல்லத்தங்கம். "நதீரா டீச்சர். மருதமுனையில. உயிரியல் படிப்பிக்கிறவ."

மருதமுனை கல்முனைக்கு வடக்கே. அவர்கள் இருந்ததோ தெற்கே. வந்த வழி முழுவதையும் திரும்பிப் போக வேண்டும்.

"காலையிலேயே இதைச் சொல்லியிருக்கலாமே அக்கா!"

"காலையில நீங்க வாலை வச்சு என்ன செய்ற எண்டு கேட்டீங்க. சாஸ்திரம் வேணும் எண்டு கேக்கயில்ல."

*

நதீராவின் வீட்டு முன்னறையில் தறி ஓடும் சத்தம் பக்கத்து வீட்டிலிருந்து விடாமல் கேட்டது. டீச்சருக்கு முப்பத்தைந்து வயது. விடைத்தாள் கட்டுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தாள். ஷிப்லி போனில் எடுத்த பட்ஜியின் படத்தைப் பார்த்ததும் தலையில் கை வைத்தாள்.

"இதுக்கா முனாஸை உள்ளுக்குப் போட்டிரிக்காங்க?"

"இதுக்குத்தான். எனக்கு விளங்குற மாதிரிச் செல்லுங்க."

"உண்மையான லவ் பேர்ட்ஸ் ஆபிரிக்காக் கிளி. அகப்போர்னிஸ் எண்ட சாதி. அந்தச் சாதிக்குள்ள ஒன்பது இனம். எல்லாம் கட்டை வால். பட்ஜி அவுஸ்திரேலியாக்காரன். அவன்ட சாதியில அவன் ஒருத்தன்தான், வேற இனமே இல்ல."

"பறவைக்குமா சாதி?" என்றாள் செல்லத்தங்கம்.

"பாடப் புத்தகத்தில அந்தச் சொல்லுத்தான் அக்கா."

"அப்ப இந்தப் பொடியன் சாதி மாறிப் பிடிபட்டிருக்கிறான். எங்கட நாட்டில அது ஒண்டும் புதுசில்ல."

நதீரா சிரித்துவிட்டு எழுதத் தொடங்கினாள். ஷிப்லிக்கு உட்காரப் பொறுக்கவில்லை. அறையின் மூலையில் இருந்த பெரிய கூட்டுக்கு முன்னால் போய் நின்றான். பச்சை உடம்பு, செம்மஞ்சள் முகம், கண்ணில் வளையம். ஹாஜியாரின் படத்தில் இருந்த சோடியின் அச்சு.

"இதென்ன டீச்சர்?"

"பதறாதீங்க. இது என்ட. ரெண்டு வருசத்துக்கு முன்னால ஹாஜியார் கொழும்பில ஒரே ஆளிட்ட நாலு பறவை வாங்கின. ஒரு சோடி அவருக்கு, மத்தச் சோடியை சங்கத்து அன்பளிப்பா எனக்குத் தந்த."

பெட்டைப் பறவை தென்னோலைக் கீற்று ஒன்றை அலகால் ஓரமாகக் கத்தரித்து நீளமான துண்டாக்கியது. பிறகு கழுத்தைத் திருப்பி, அந்தத் துண்டை முதுகுப்புறத்து இறகுகளுக்குள் சொருகப் பார்த்தது. சொருகியது. இரண்டு அடி நடந்தது. துண்டு கீழே விழுந்தது. இன்னொன்றை வெட்டியது. சொருகியது. விழுந்தது. மூன்றாவதை அலகில் கவ்விக்கொண்டு முட்டையிடும் பெட்டி வரை போய், வாசலில் நின்று, மறுபடி முதுகில் சொருகப் பார்த்து அதையும் தவறவிட்டது. கூட்டின் அடியில் ஓலைத் துண்டுகள் குவிந்து கிடந்தன. பெட்டிக்குள் ஒன்றுகூட இல்லை.

ஷிப்லிக்கு அதைப் பார்க்கப் பார்க்க எரிச்சல் வந்தது. இந்த மூன்று நாளாக அவனும் இதைத்தான் செய்துகொண்டிருந்தான்.

"என்ன பைத்தியம் இதுக்கு?"

நதீரா பேனையை வைத்தாள். சற்றுத் தயங்கினாள். "பைத்தியம் இல்ல. அதுக்கு ரெண்டு புத்தி. கண்வளையம் உள்ள இனங்கள் ஓலையை அலகில கவ்விக் கொண்டு போகும். வளையம் இல்லாத ரோசா முக இனம் முதுகு இறகில சொருகிக் கொண்டு போகும். ரெண்டையும் கலந்து பெறுவிச்சா, பிறக்கிறதுக்கு எப்படிக் கொண்டு போறதெண்டு தெரியாது. சொருகும், விழும்."

"அப்ப இது கலப்பு?"

"கலப்பு. வளையமும் மெல்லிசு, பாருங்க. ரெண்டு வருசமா முட்டை இடுது, ஒண்டும் பொரிக்கல்ல. கலப்புக்குக் குஞ்சு கிடையாது."

ஷிப்லி மெதுவாகத் திரும்பினான்.

"ஒரே ஆளிட்ட வாங்கின நாலு. உங்கட சோடி கலப்பு எண்டா, ஹாஜியார்ட சோடி?"

"அதைத்தான் எனக்கும் பாக்கணும். கிண்ணம் வாங்கின சோடி. சுத்த இனம் எண்டு சங்கத்துப் பதிவில அவரே கையெழுத்து வச்ச. அவமானப்படுத்த வேணாம் எண்டு அவருக்கு மட்டும் தனியா ஒரு கடிதம் எழுதின. வெள்ளிக்கிழமைக் கூட்டத்துக்குச் சோடியைக் கொண்டு வாங்க, ஓலை போட்டுப் பாப்பம் எண்டு."

"எப்ப எழுதின?"

"போன சனி. ஞாயித்துக்கிழமை அவரிட கையில கிடைச்சிட்டு."

"திங்கட்கிழமை சோடி காணாமல் போச்சு," என்றாள் செல்லத்தங்கம்.

ஷிப்லி வாங்க வந்த கடிதத்தைக்கூட மறந்துவிட்டு வாசலுக்கு நடந்தான். செல்லத்தங்கம்தான் அதை வாங்கிப் பைலில் வைத்தாள்.

*

புடவைக் கடைக்குள் நுழைந்தபோது மாலை ஐந்து மணி. வாசலிலேயே றேடியோ காதைப் பிளந்தது. கல்லாவில் சீனிமுகம்மது ஹாஜியார் தொப்பியைச் சரிசெய்தபடி உட்கார்ந்திருந்தார். அறுபது வயது, நறுக்கிய வெள்ளைத் தாடி, இஸ்திரி கலையாத சட்டை.

"சோடி கிடைச்சிட்டா?" என்று கத்தினார். றேடியோவுக்கு மேலாகக் கத்த வேண்டியிருந்தது.

ஷிப்லி பதில் சொல்வதற்குள் செல்லத்தங்கம் விற்பனையாளரிடம் போய்விட்டாள். "தம்பி, மருதமுனைக் கைத்தறிச் சாரன் ரெண்டு வேணும். இது வேணா, மேல் மாடியில நல்லது இருக்குமே?"

"மேல போக ஏலா அன்ரி," என்றான் அவன். "திங்கட்கிழமையில இருந்து ஹாஜியார் பூட்டி வச்சிரிக்காரு. சாவி அவரிட்ட. இந்த றேடியோவும் அன்றையில இருந்துதான். தலை வெடிக்குது."

செல்லத்தங்கம் ஹாஜியாரின் சட்டைக் கையைப் பார்த்தாள். மணிக்கட்டு மடிப்பில் தினை உமி ஒட்டியிருந்தது. பறவைகள் கொறித்துத் துப்பும் மெல்லிய பொன்னிறத் தோல். சோடி போன பிறகு புடவைக் கடைக்குள் தினைக்கு என்ன வேலை? அவள் குனிந்து றேடியோவின் வயரைப் பிடித்து இழுத்தாள்.

கடை சட்டென்று அமைதியானது.

மேலே, மரத் தளத்துக்கு அப்பால், கீச் கீச் என்று இரண்டு குரல் கேட்டது. விற்பனையாளன் மாடியைப் பார்த்தான். துணி வாங்க வந்த ஒரு பெண் மாடியைப் பார்த்தாள். ஹாஜியார் மட்டும் மேசையைப் பார்த்தார்.

"கிடைச்சிட்டு," என்றான் ஷிப்லி.

வாடிக்கையாளர்கள் போன பிறகு, பாதி இழுத்துவிட்ட ஷட்டருக்குப் பின்னால் ஹாஜியார் பேசினார். குரல் உடைந்திருந்தது.

"எனக்கும் தெரியாது. அல்லாஹ் சாட்சி. சுத்தம் எண்டு சொல்லித்தான் கொழும்பில தந்தான். டீச்சர்ட கடிதம் வந்த அன்றைக்கு ஓலை போட்டுப் பார்த்தன். சொருகிச் சொருகி விழுத்திச்சு. இருபது வருசமா மத்தவன்ட பறவையைப் பாத்து, வளையம் பிழை, நிறம் பிழை எண்டு கழிச்சு விட்டவன் நான். எந்த முகத்தோட கூட்டத்துக்குப் போற?"

"அதனால களவு போச்சு எண்டு முறைப்பாடு போட்டீங்க."

"ஆரோ எடுத்துட்டான் எண்டுதான் சொன்ன. முனாஸ்ட பேரை நான் சொல்லல்ல. கண்டக்டர்ட கதையைக் கேட்டு பொலிஸ்தான் புடிச்ச."

"நீங்க மறுக்கல்ல."

ஹாஜியார் கல்லா மேசையின் தூசைத் துடைத்தார்.

"நாலு நாள் ஹாஜியார். அவன்ட ராத்தா பொலிஸ் வாசல்ல இரிந்த. நான் உங்கட காசில ஓடித் திரிஞ்ச. என்னை ஏன் போட்டீங்க?"

"சங்கத்து ஆக்கள் நெருக்கினாங்க..."

"அதில்ல கேள்வி," என்றாள் செல்லத்தங்கம். "ஊரில நாலு பேரிட்ட, எவருக்குக் கண்டுபிடிக்க ஏலாதெண்டு விசாரிச்சுத்தான் இவரைப் போட்டிருக்கிறீங்க. அதை எழுத்தில தந்தா நாங்க பிரேம் போட்டு மாட்டுவம்."

ஷிப்லிக்குச் சிரிப்பு வரவில்லை. அது உண்மை என்று ஹாஜியாரின் முகத்தில் தெரிந்தது.

"நாளைக்கு முறைப்பாட்டை வாபஸ் வாங்குறன்," என்றார் ஹாஜியார். "சோடி கிடைச்சிட்டு எண்டு செல்றன்."

"வேணா. கிடைச்சிட்டு எண்டு சொன்னா, எடுத்தவன் பயந்து திருப்பி வச்சிட்டான் எண்டுதான் ஊர் கதைக்கும். அந்தப் பேர் அவனோட கத்தார் வரைக்கும் போகும். நடந்ததை நடந்தபடி செல்லுங்க," என்றான் ஷிப்லி.

"கோட்டில பொய் முறைப்பாடு எண்டு என்னைப் புடிச்சா?"

"புடிக்கலாம்," என்றாள் செல்லத்தங்கம். இம்முறை அவள் குரலில் கேலி இல்லை. "நான் முப்பது வருசம் அங்க டைப் அடிச்சவள் ஹாஜியார். குற்றவாளி இல்ல எண்டு ஆயிரம் தரம் அடிச்சிருக்கிறன். முறைப்பாட்டுக்காரர் எழும்பி, இது என்ட பிழை எண்டு சொன்னதை ஒரே ஒரு தரமாவது அடிக்கக் கிடைக்கயில்ல."

*

வெள்ளிக்கிழமை கோட்டில் ஹாஜியார் எழுந்தார். நீதவான் இரண்டு தடவை "சத்தமாக" என்றார். மூன்றாவது தடவை, பின்வரிசை வாங்கில் இருந்த ஸப்னாவுக்கும் கேட்கும்படி சொன்னார். பறவைகள் தன்னிடமே இருந்தன, முனாஸ் எதுவும் எடுக்கவில்லை, எல்லாம் தன் பிழை. நீதவான் அவரை வைத்துக் காய்ச்சி எடுத்தார். பொய் முறைப்பாட்டுக்குத் தனியாக விசாரணை வரும் என்றார். முனாஸ் விடுவிக்கப்பட்டான். தாள்களில் கையெழுத்து வாங்கி முடிய இன்னும் ஒரு மணித்தியாலம் போனது. அங்கேயும் ஒரு முத்திரையைக் காணவில்லை என்று தேடினார்கள்.

வெளியே ஹாஜியார் வெயிலில் நின்று காத்திருந்தார். முனாஸ் வந்தான். இருபத்தாறு வயது, நான்கு நாள் தாடி. அவர் கையை நீட்டி ஸலாம் சொன்னார். அவன் பதில் ஸலாம் சொன்னான், கையைப் பிடிக்கவில்லை.

"அந்தச் சோடிக்குத் தண்ணி மாத்தினீங்களா?" என்றான்.

"மாத்தின."

"ரெண்டு நேரமும்?"

ஹாஜியார் கண்ணைத் தாழ்த்தினார். முனாஸ் கடையை நோக்கி நடந்தான். ஜும்ஆத் தொழுகைக்கு இன்னும் நேரம் இருந்தது. எல்லோரும் அவனுக்குப் பின்னால் போனார்கள். என்ன நடக்கிறது என்று ஷிப்லிக்கு விளங்கவில்லை, இருந்தும் போனான்.

மாடி வெக்கையாக இருந்தது. துணிக் கட்டுகளுக்கு நடுவே கூடு. தண்ணீர்க் கிண்ணத்தில் அரைவாசிதான் இருந்தது. முனாஸ் ஜன்னலைத் திறந்தான், கிண்ணத்தைக் கழுவி நிரப்பினான். பெட்டைப் பறவை கூட்டின் அடியில் கிடந்த தாளைக் கத்தரித்து, முதுகில் சொருகி, நடந்து, கீழே போட்டது. முனாஸ் கூட்டுக்குள் கையை விட்டு, விழுந்த துண்டை எடுத்து முட்டைப் பெட்டிக்குள் வைத்தான். பறவை எட்டிப் பார்த்தது. பிறகு உள்ளே போய் அந்தத் துண்டை மடித்து மூலையில் திணித்தது.

யோசிக்காமல் செய்தான். தினமும் செய்தவனின் கை.

"பொறு," என்றான் ஷிப்லி. "இதை நீ முன்னமே செய்யிறதா?"

"ஓம் சேர். இல்லாட்டி கூடு கட்டாது. அதுக்குக் கொண்டு போகத் தெரியாது. கலப்புத்தானே."

ஹாஜியார் தலையை நிமிர்த்தினார்.

"கலப்பு எண்டு உனக்குத் தெரியுமா?"

"வந்த மூணாம் மாசமே தெரியும். முட்டையையும் லைட்டில புடிச்சுப் பாத்த. ஒண்டிலயும் உசிர் இல்ல."

ஷிப்லி ஒரு துணிக்கட்டின் மேல் உட்கார்ந்தான். பொத்துவில் பஸ், பாலமுனை, மருதமுனை, பதினேழு முறைப்பாடு, காணாமல் போன முத்திரை என்று விரல்களை ஒவ்வொன்றாக மடக்கினான். "இதை ஏன்டா நீ ஆரிட்டயும் செல்லல்ல?"

முனாஸ் அவனை வியப்பாகப் பார்த்தான்.

"ஆரும் என்னட்டக் கேக்கல்லயே சேர்."

செல்லத்தங்கம் கொப்பியைத் திறந்து அதை எழுதினாள்.

பறவை வெளியே வந்து அடுத்த துண்டை வெட்டியது. சொருகியது. அது விழுந்தது. முனாஸின் கை நீளவில்லை. அவன் கூட்டுக் கதவைத் திறந்து பிடித்தபடி விலகி நின்றான்.

"ஞாயித்துக்கிழமை நான் போறன் ஹாஜியார். இனி நீங்கதான் எடுத்து வைக்கணும்."

சீனிமுகம்மது ஹாஜியார் கூட்டருகே வந்தார். பிறகு தொப்பியைக் கழற்றிப் பக்கத்தில் வைத்துவிட்டு, முழங்காலைப் பிடித்துக்கொண்டு மெல்லக் குனிந்தார்.